பெஸ்தாரி ஜெயாவில் ஒரு பொட்டலம் ஃபிரைஸ்: இறக்குமதி விலை தோட்டப்புற ஊரை எட்டும் வழி

சிலாங்கூர் மாநிலத்தின் பெஸ்தாரி ஜெயாவில் உறையுணவுகளை மொத்தமாகவும் சில்லறையாகவும் விற்கும் ஒரு சிறு கடை, பல ஆண்டுகளாக வாங்கிவந்த பெல்ஜிய நாட்டு ஃபிரைஸை (பொரிப்பதற்காகக் குச்சிகளாக வெட்டி உறைய வைத்த உருளைக்கிழங்கை) நிறுத்திவிட்டு, குஜராத்திலிருந்து வரும் விலை குறைந்த சரக்குக்கு முழுமையாக மாறிவிடலாமா என்ற கேள்வியை 2024ஆம் ஆண்டின் பிற்பகுதியில் எதிர்கொண்டது. கேள்வி சிறியதுதான். ஆனால் அதற்கு விடை தேடப் புகுந்தபோது, விலை ஏன் ஏறியது, ஏறிய விலை ஏன் அதே வேகத்தில் இறங்கவில்லை, இரண்டு பொட்டலங்களின் விலையை எந்த அளவுகோலால் ஒப்பிடுவது என்ற மூன்று கேள்விகள் அதற்குள்ளே இருந்தது தெரிந்தது. அக்கடையின் கொள்முதல் கணக்கை எழுதுபவன் என்ற முறையில் அந்த மூன்றையும் இங்கே பதிவு செய்கிறேன்.

கடையின் பெயரும் அதற்குச் சரக்கு தரும் விநியோகிப்பாளர்களின் பெயர்களும் இவ்வாய்வுக்குத் தேவையில்லை. கடையின் உண்மையான கொள்முதல் விலைகளையும் நான் வெளியிடவில்லை. கணக்கு காட்ட வேண்டிய இடங்களில், எளிதாகப் பெருக்கிப் பார்க்கத்தக்க மாதிரி விலைகளை எடுத்துக்கொண்டு, அவை மாதிரியே என்று அங்கங்கே சொல்லியிருக்கிறேன். நாணய மாற்று விகிதங்களும் ஏற்றுமதி அளவுகளும் மாதிரி அல்ல.

ஊரும் சரக்கும்

பெரியவர்கள் இன்றும் பத்தாங் பெர்ஜுந்தை என்றே குறிப்பிடும் இவ்வூர், கோல சிலாங்கூர் மாவட்டத்தில், ரப்பர் மரங்கள் அழிக்கப்பட்டுச் செம்பனை (எண்ணெய்ப்பனை) நடப்பட்ட தோட்டங்களுக்கு நடுவே இருக்கிறது. தோட்டத் தொழிலாளர் வரிசை வீடுகளான லயங்களில் இருந்த தமிழ்க் குடும்பங்களுள் பெரும்பாலானவை இப்போது ஊரைச் சுற்றியுள்ள தாமான்களில், அதாவது வீடமைப்புப் பகுதிகளில், குடியிருக்கின்றன. இங்குள்ள சிலாங்கூர் பல்கலைக்கழக வளாகத்தின் மாணவர்களால், ஊரின் அளவுக்கு மிஞ்சிய எண்ணிக்கையில் பர்கர் ஒட்டுக்கடைகளும் பொரித்த தின்பண்டக் கடைகளும் நடக்கின்றன. நமது கடையின் ஃபிரைஸ் போவது நான்கு வகையினரிடம்: பர்கர் கடைகள், இரவுச் சந்தை வணிகர்கள், விருந்துகளுக்குச் சமைத்துக் கொடுப்போர், பிள்ளைகள் கேட்டதற்காக ஒரு பொட்டலம் வாங்கிச் செல்லும் குடும்பங்கள். விற்பனையின் பெரும்பகுதி முதல் இரு வகையினருடையது. விலையில் ஐம்பது சென், அதாவது அரை ரிங்கிட், ஏறினாலும் உடனே கேள்வி கேட்பவர்களும் அவர்களே.

மலேசியாவில் வணிக அளவிலான உருளைக்கிழங்குச் சாகுபடி கிட்டத்தட்ட இல்லை. சமையலுக்கான பச்சைக் கிழங்கு சீனா, வங்காளதேசம், பாகிஸ்தான் போன்ற நாடுகளிலிருந்து வருகிறது. தீபாவளி போன்ற பண்டிகைகளின்போது அரசு அறிவிக்கும் உச்சவரம்பு விலைப் பட்டியலில் சீனக் கிழங்கு இடம்பெறுவது உண்டு; உறைய வைத்த ஃபிரைஸுக்கு அத்தகைய காப்பு இல்லை. அது முழுக்க முழுக்கச் சந்தை விலையில் ஓடும் இறக்குமதிப் பண்டம். பன்னாட்டுச் சுங்க வகைப்பாட்டில் 2004.10 என்னும் எண்ணின்கீழ் வரும் இப்பண்டத்தின் உலக வணிகத்தில் பெல்ஜியம் முதலிடத்திலும் நெதர்லாந்து அதற்கு அடுத்தும் இருக்கின்றன. கனடாவும் அமெரிக்காவும் பெரிய ஏற்றுமதியாளர்கள். சீனாவும் இந்தியாவும் புதிதாக நுழைந்தவை. மலேசியச் சந்தையில் இவ்வெல்லா நாட்டுச் சரக்கும் கிடைக்கிறது.

கிழங்கு எந்த நாட்டில் விளைந்தது என்பது பொட்டலத்தின் மேல் அச்சிட்ட ஒரு சொல் மட்டுமன்று. ஆலைக்கு வேண்டிய கிழங்கு நீளமாகவும், நீர் குறைந்து மாச்சத்து மிகுந்ததாகவும், சர்க்கரை குறைந்ததாகவும் இருக்க வேண்டும். சர்க்கரை கூடினால் எண்ணெயில் இட்டவுடன் கருகிய நிறம் ஏறிவிடும். அதிகக் குளிரில் சேமித்த கிழங்கில் மாச்சத்து சர்க்கரையாக மாறுவதால், சேமிப்புக் கிடங்கின் வெப்பநிலையும் நிறத்தைத் தீர்மானிக்கிறது. தோலை நீராவியால் உரித்து, நீர்ப்பாய்ச்சலின் வேகத்தில் கத்திகளுக்குள் செலுத்தி வெட்டி, வெந்நீரில் பதப்படுத்தி, உலர்த்தி, எண்ணெயில் அரைப் பதமாகப் பொரித்து, பின்பு உறைய வைப்பது ஆலையின் வேலை. ஏறத்தாழ இரண்டு கிலோ பச்சைக் கிழங்குக்கு ஒரு கிலோ ஃபிரைஸ் தேறும். அதன்பின் வயலோரத்து ஆலையிலிருந்து நமது கடையின் உறைபெட்டி வரை, பூஜ்ஜியத்துக்குக் கீழே 18 பாகை செல்சியஸிலோ அதற்கும் குறைவாகவோ அது இருந்தாக வேண்டும். இடையில் ஒருமுறை இளகி மீண்டும் உறைந்த பொட்டலத்தைக் கையில் எடுத்தாலே தெரியும். குச்சிகள் கட்டியாக ஒட்டிக்கொண்டிருக்கும்.

எந்தக் கொழுப்பில் அரைப் பதமாகப் பொரித்தார்கள் என்பது எங்கள் ஊரில் இரு தரப்பாரும் கேட்கும் கேள்வி. பெல்ஜியத்தில் மாட்டுக் கொழுப்பில் பொரிக்கும் பழைய வழக்கம் இருப்பதைக் கேள்விப்பட்ட இந்துக் குடும்பங்களும், ஹலால் சான்று பார்க்கும் மலாய் மாணவர்களும் ஒரே பொட்டலத்தின் பின்புறத்தையே திருப்பிப் படிக்கிறார்கள். இங்கே வரும் ஏற்றுமதிச் சரக்கு தாவர எண்ணெயில் பொரிக்கப்படுவது. சில ஐரோப்பிய ஆலைகள் செம்பனை எண்ணெயையே பயன்படுத்துகின்றன என்பதால், இங்கே பிழியப்பட்ட எண்ணெயில் ஒரு துளியாவது ஃபிரைஸோடு திரும்பி வந்திருக்கக் கூடும்.

2021 முதல் 2023 வரை: விலையேற்றத்தின் அடுக்குகள்

கடையின் பழைய பற்றுச்சீட்டுகளில் முதல் பெரிய மாற்றம் 2021இன் இரண்டாம் பாதியில் தென்படுகிறது. அப்போது கிழங்கின் விலை பெரிதாக மாறவில்லை. மாறியது கப்பல் கட்டணம். பெருந்தொற்றுக்குப்பின் கொள்கலன்கள் தவறான துறைமுகங்களில் தேங்கியதால், துரூரி நிறுவனத்தின் உலகக் கொள்கலன் கட்டணக் குறியீடு 2021 செப்டம்பரில் 40 அடிக் கொள்கலனுக்கு 10,000 அமெரிக்க டாலரைத் தாண்டியது. அக்குறியீடு சாதாரணக் கொள்கலன்களுக்கானது. மின்னிணைப்போடு வர வேண்டிய குளிரூட்டுக் கொள்கலன்களுக்கான தட்டுப்பாடு தனியாக இருந்தது.

இதன் தாக்கத்தை அளக்க ஒரு மாதிரிக் கணக்குப் போதும். 40 அடிக் குளிரூட்டுக் கொள்கலனில் சுமார் 25 டன் ஃபிரைஸ் ஏறும். கட்டணம் 4,000 டாலர் உயர்ந்ததாக வைத்துக்கொண்டால், கிலோவுக்கு 16 அமெரிக்க சென், வணிகக் கடைகள் வாங்கும் 2.5 கிலோ பொட்டலத்துக்கு 40 அமெரிக்க சென். டாலருக்குச் சுமார் 4.20 ரிங்கிட் என்ற அப்போதைய விகிதத்தில் அது ஏறத்தாழ 1 ரிங்கிட் 68 சென். வயலில் எதுவுமே நடக்காதபோது, ஆலை தன் விலையை ஒரு சென்னும் ஏற்றாதபோது, பொட்டலத்தின் விலையில் இவ்வளவு கூடுகிறது. ஃபிரைஸ், கனத்துக்கு ஏற்ற மதிப்பு இல்லாத பண்டம். அதே கொள்கலனில் இறாலோ ஆட்டிறைச்சியோ வந்திருந்தால் இந்த உயர்வு விலைக்குள் மறைந்துவிடும்.

2021 நவம்பரில் கனடாவின் பிரிட்டிஷ் கொலம்பியாவில் ஏற்பட்ட வெள்ளம் வான்கூவர் துறைமுகத்துக்கான இருப்புப்பாதைகளைத் துண்டித்தது. அடுத்த மாதம் ஜப்பானின் மெக்டொனால்ட்ஸ் கடைகள் சிறிய அளவு ஃபிரைஸை மட்டும் விற்றன. 2022 ஜனவரியில் மலேசியாவிலும் அந்நிறுவனம் பெரிய அளவை விற்பதைத் தற்காலிகமாக நிறுத்தியது. பெரு நிறுவனங்களுக்கே சரக்கு எட்டாத அந்த வாரங்களில், வழக்கமாக வட அமெரிக்கச் சரக்கை வாங்குவோரும் ஐரோப்பியச் சரக்கின் பக்கம் திரும்பியதால், நமது கடைக்கு வரும் பெல்ஜியப் பெட்டிகளும் குறைந்தன. விநியோகிப்பாளர் விலையை ஏற்றியதைவிட, கேட்ட பெட்டிகளில் பாதியை மட்டும் அனுப்பியதே கடைக்கு அதிக இழப்பைத் தந்தது. ஃபிரைஸ் இல்லையென்றால் பர்கர் கடைக்காரர் வேறு மொத்தக் கடைக்குப் போவார். போகிறவர் ரொட்டியையும் இறைச்சியையும் அங்கேயே வாங்கிவிடுவார். பெட்டி ஒன்றுக்கான இலாபத்தைப் பார்த்தால் ஃபிரைஸ் பெரிய வரவு தரும் பண்டம் அன்று. மற்றப் பண்டங்களை விற்க வைப்பது அதுதான்.

2022 பிப்ரவரியில் தொடங்கிய உக்ரைன் போர் எரிவாயு, உரம், சூரியகாந்தி எண்ணெய் ஆகிய மூன்றின் விலையையும் ஒருசேர உயர்த்தியது. நீராவி, பொரிப்பு, உறைவிப்பு என ஒவ்வொரு கட்டத்திலும் ஆற்றலைத் தின்னும் ஃபிரைஸ் ஆலைகளுக்கு இது நேரடியான அடி. இங்கே, 2022 மார்ச்சில் கச்சாச் செம்பனை எண்ணெய் டன்னுக்கு 7,000 ரிங்கிட்டைக் கடந்தது. ஏப்ரல் இறுதியிலிருந்து மூன்றரை வாரங்களுக்கு இந்தோனேசியா தன் ஏற்றுமதியைத் தடை செய்தது. தோட்டப்புற ஊர் ஒன்றில் எண்ணெய் விலையேற்றம் இரு முகம் காட்டும். செம்பனைக் குலை விற்கும் சிறுதோட்டக்காரரின் கையில் காசு புரள்கிறது, அவர் பிள்ளைகள் இரவுச் சந்தையில் செலவழிக்கிறார்கள். அதே சந்தையில் பொரிக்கும் வணிகருக்கு 17 கிலோ எண்ணெய்த் தகரத்தின் விலை கழுத்தை நெரிக்கிறது. ஒரு கிலோ 2 ரிங்கிட் 50 சென்னுக்கு விற்கப்படும் உதவித்தொகை எண்ணெய்ப் பொட்டலம் வீட்டுப் பயன்பாட்டுக்கு உரியது. வணிகத்துக்கு அதைப் பயன்படுத்தலாகாது. ஆகவே 2022இல் எங்கள் வாடிக்கையாளர்கள் பலரும் ஃபிரைஸ் விலையைப் பற்றிப் புலம்பியபோது, அவர்களுடைய செலவில் உண்மையில் வேகமாக ஏறியது எண்ணெய்தான் என்று எனக்குத் தோன்றுகிறது.

கப்பல் கட்டணம் 2022இன் பிற்பகுதியில் இறங்கத் தொடங்கி 2023இல் பெருந்தொற்றுக்கு முந்திய நிலையை நெருங்கியது. பொட்டலத்தின் விலை அவ்வாறு இறங்கவில்லை. இதற்கு ஐரோப்பிய வயல்கள் ஒரு காரணம்: 2022 கோடையில் வறட்சி, 2023 இலையுதிர் காலத்தில் அடைமழையால் தோண்ட முடியாமல் சேற்றிலேயே அழுகிய கிழங்கு, அதன் விளைவாக 2024 வசந்தத்தில் விதைக்கிழங்குத் தட்டுப்பாடு, தாமதமான நடவு. முளைப்பைத் தடுக்கப் பல காலம் பயன்பட்ட குளோர்புரோபாம் என்னும் மருந்தை ஐரோப்பிய ஒன்றியம் 2020இல் விலக்கியதால் சேமிப்புச் செலவும் முன்பே கூடியிருந்தது. பச்சைக் கிழங்கு டன்னுக்கு 100 யூரோ ஏறினால், இரண்டுக்கு ஒன்று என்ற தேறுதலின்படி, ஒரு கிலோ ஃபிரைஸுக்கு 20 யூரோ சென், 2.5 கிலோ பொட்டலத்துக்கு அரை யூரோ கூடும். ஆனால் இந்த ஏற்றம் கப்பல் கட்டணத்தைப்போல உடனே வராது. ஆலைகள் தமக்கு வேண்டிய கிழங்கில் பெரும்பகுதியை நடவுக்கு முன்பே ஒப்பந்த விலையில் பேசி வைத்துக்கொள்கின்றன. மீதியே திறந்த சந்தையில் வாங்கப்படுகிறது. எனவே செய்திகளில் வரும் திறந்த சந்தை விலை துள்ளும்போதும் விழும்போதும், ஆலையின் விலைப்பட்டியல் அடுத்த ஒப்பந்தப் பருவம் வரை பெரிதாக அசைவதில்லை.

2023 நவம்பரில் செங்கடலில் கப்பல்கள்மீது தாக்குதல் தொடங்கியது. டிசம்பர் முதல் பெரிய கப்பல் நிறுவனங்கள் சூயஸ் கால்வாயைத் தவிர்த்து ஆப்பிரிக்காவின் நன்னம்பிக்கை முனையைச் சுற்றின. ஐரோப்பாவிலிருந்து மலேசியாவின் கிள்ளான் துறைமுகத்துக்கு வரும் சரக்குக்கு ஒன்றரை முதல் இரண்டு வாரம் வரை பயணம் நீண்டது. பொட்டலத்தில் ஈராண்டு வரை ஆயுள் அச்சிடப்பட்டுள்ள பண்டத்துக்கு இரண்டு வாரத் தாமதம் கெடுதல் அன்று. விநியோகிப்பாளரின் முதலீடு அதிக நாள் கடலில் முடங்குவதும், வரும் நாள் உறுதியில்லாமல் போவதுமே சிக்கல்.

டாலர், யூரோ, ரூபாய்

2024 பிப்ரவரியில் ஒரு டாலருக்கு ஏறத்தாழ 4.80 ரிங்கிட் என்ற நிலைக்கு மலேசிய நாணயம் சரிந்தது. 1998 ஜனவரிக்குப்பின் அதுவே மிகத் தாழ்ந்த நிலை. அதே ஆண்டு செப்டம்பர் இறுதியில் அது 4.12 அளவுக்கு மீண்டது. டன் 1,200 டாலர் என்னும் மாதிரி விலையில், 2.5 கிலோ பொட்டலம் 3 டாலர் ஆகிறது. பிப்ரவரியில் அதற்கு 14 ரிங்கிட் 40 சென் தேவைப்பட்டது. செப்டம்பரில் 12 ரிங்கிட் 36 சென் போதும். ஏழு மாத இடைவெளியில், சரக்கின் டாலர் விலை மாறாமலே, 2 ரிங்கிட் 4 சென் வேறுபாடு.

இந்த வேறுபாட்டில் எவ்வளவு பெஸ்தாரி ஜெயாவை எட்டியது? பற்றுச்சீட்டுகளை அடுக்கிப் பார்த்தபோது கிடைத்த விடை, எல்லா இறக்குமதிப் பண்டத்திலும் வணிகர்கள் அனுபவித்தறிந்ததுதான். ரிங்கிட் சரிந்தபோது புதிய விலைப்பட்டியல் சில வாரங்களில் வந்தது. மீண்டபோது ஆண்டு முடியும் தறுவாய்வரை பழைய பட்டியலே நீடித்தது. விநியோகிப்பாளர் தரப்பு விளக்கம் இரண்டு. ஏறும்போது, அடுத்த கொள்கலனை வாங்கப் போகும் விலையை மனத்தில் வைத்து விற்காவிட்டால் முதலீடு கரைந்துவிடும். இறங்கும்போது, அதிக விலையில் வாங்கிக் கிடங்கில் வைத்த சரக்கைத் தீர்த்தாக வேண்டும். முதல் விளக்கத்தை ஏற்கிறேன். இரண்டாவது பாதி உண்மை. கிடங்கில் இரண்டு மூன்று மாதச் சரக்கு இருக்கும் என்றே கொண்டாலும், அதற்குமேல் நீடித்த பழைய விலைக்குப் போட்டி இல்லாமையைத் தவிர வேறு காரணம் காட்ட இயலாது. ஏனெனில் போட்டி வந்தவுடன் விலை இறங்கியது.

2024 ஜூன் 10 முதல் தீபகற்ப மலேசியாவில் டீசல் லிட்டர் 2 ரிங்கிட் 15 சென்னிலிருந்து 3 ரிங்கிட் 35 சென்னாக உயர்ந்ததும் அவ்வாண்டு விலைப் பேச்சில் அடிபட்டது. தகுதியுள்ள சரக்கு வாகனங்களுக்கு உதவித்தொகை விலை தொடர்ந்ததால், கிள்ளானிலிருந்து எங்கள் ஊருக்கு வரும் லோரிக் கூலியில் அதன் பங்கு பெரிதாக இருந்திருக்க முடியாது.

போட்டி வந்தது குஜராத்திலிருந்து. 2000களின் நடுவில் ஆண்டுக்குச் சில ஆயிரம் டன் ஃபிரைஸை இறக்குமதி செய்துகொண்டிருந்த இந்தியா, 2023-24 நிதியாண்டில் ஏறத்தாழ 1.36 இலட்சம் டன்னை, சுமார் 1,479 கோடி ரூபாய்க்கு ஏற்றுமதி செய்தது. 2024 ஏப்ரல் முதல் டிசம்பர் வரையிலான ஒன்பது மாதங்களில் சுமார் 1.07 இலட்சம் டன், 1,057 கோடி ரூபாய். மெஹ்சானா, பனாஸ்காந்தா, சாபர்காந்தா, அரவல்லி மாவட்டங்களில் ஆலைகளும், அவற்றோடு ஒப்பந்தம் செய்துகொண்டு சந்தானா போன்ற ஃபிரைஸ் ரகங்களைப் பயிரிடும் விவசாயிகளும் இருக்கிறார்கள். சரக்கில் பெரும்பங்கு தென்கிழக்கு ஆசியாவுக்கும் மேற்காசியாவுக்கும் போகிறது.

மேலே உள்ள எண்களை வகுத்துப் பார்த்தால், 2023-24இல் கிலோவுக்குச் சராசரியாக 109 ரூபாய், அடுத்த ஒன்பது மாதங்களில் 99 ரூபாய். அந்தந்தக் காலத்துச் சராசரி விகிதத்தில் ரிங்கிட்டுக்கு மாற்றினால், ஏறத்தாழ 6 ரிங்கிட் 10 சென்னிலிருந்து 5 ரிங்கிட் 30 சென். ரூபாயில் ஒன்பது விழுக்காடு இறங்கிய விலை ரிங்கிட்டில் பதின்மூன்று விழுக்காடு இறங்கியிருக்கிறது. இது எல்லா நாடுகளுக்கும் எல்லாத் தரங்களுக்கும் சேர்ந்த சராசரி என்பதை நினைவில் கொள்ள வேண்டும்; மலேசியாவுக்கு வந்த சரக்கின் தனி விலை இதுவன்று. ஆனால் திசையைக் காட்டப் போதுமானது.

கடல்வழியிலும் குஜராத்துக்கு நன்மை இருந்தது. குஜராத்தின் முந்திரா துறைமுகத்திலிருந்து கிள்ளானுக்கு உள்ள தொலைவு, ஐரோப்பியத் துறைமுகங்களிலிருந்து சூயஸ் வழியாக வருவதில் பாதிக்கும் குறைவு; செங்கடல் கலவரம் அவ்வழியில் குறுக்கிடவும் இல்லை. தவிர, குஜராத்தில் அறுவடை பிப்ரவரி, மார்ச். ஐரோப்பாவில் செப்டம்பர், அக்டோபர். ஐரோப்பியச் சேமிப்புக் கிழங்கு ஆண்டின் நடுவில் பழசாகி நிறம் மங்கும்போது குஜராத்தின் சரக்கு இளமையாக இருக்கும். இவ்வேறுபாட்டை எங்கள் கடைக்காரர் எந்தப் புள்ளிவிவரமும் இல்லாமல், பொரித்த நிறத்தைப் பார்த்தே கண்டுகொண்டார்.

2025 நாணயக் கணக்கைப் பலரும் தவறாகப் படித்த ஆண்டு. ஆண்டின் தொடக்கத்தில் 4.47 அளவில் இருந்த டாலர், இறுதியில் 4.10க்கும் கீழே வந்தது. ரிங்கிட் வலுத்துவிட்டது, இறக்குமதிப் பொருள் எல்லாம் மலியும் என்ற பேச்சு ஊரெங்கும் இருந்தது. ஆனால் அவ்வாண்டில் டாலர் யூரோவுக்கு எதிராகவும் வீழ்ந்ததால், ரிங்கிட்டுக்கு எதிராக யூரோ இறங்கவில்லை. சற்றே ஏறவும் செய்தது. யூரோவில் விலை பேசப்படும் பெல்ஜியச் சரக்குக்கு ரிங்கிட்டின் வலிமை எந்தப் பயனும் தரவில்லை. மறுபக்கம் இந்திய ரூபாய், டிசம்பரில் ஒரு டாலருக்கு 90ஐத் தாண்டும் அளவுக்கு நலிந்தது. ஆண்டுத் தொடக்கத்தில் ஒரு ரிங்கிட் சுமார் 19 ரூபாய்க்குச் சமமாக இருந்தது. இறுதியில் சுமார் 22 ரூபாய். ஒரே நாணயம், ஒரே ஆண்டில், ஒரு நாட்டுச் சரக்குக்குப் பதினைந்து விழுக்காட்டுச் சலுகையையும் இன்னொரு நாட்டுச் சரக்குக்குச் சலுகையே இல்லாத நிலையையும் தந்தது. இந்தியச் சரக்கு பெரும்பாலும் டாலரில் விலை சொல்லப்பட்டாலும், ஆலையின் கிழங்குச் செலவும் கூலியும் ரூபாயில் இருப்பதால், விலையைத் தாழ்த்த அவர்களுக்கு இடம் கிடைத்தது.

ஐரோப்பா இதற்குப் பதிலடி கொடுத்தது நாணயத்தால் அன்று, விளைச்சலால். முந்தைய ஆண்டுகளின் நல்ல விலையைக் கண்டு பெல்ஜியம், நெதர்லாந்து, பிரான்சு, ஜெர்மனி ஆகிய நான்கு நாடுகளிலும் 2025இல் கிழங்குப் பரப்பு விரிந்தது, விளைச்சலும் செழித்தது, ஏற்றுமதியோ ஆசியப் போட்டியாலும் அமெரிக்காவின் புதிய வரிகளாலும் மந்தமடைந்தது. திறந்த சந்தையில் ஆலைக்கிழங்கின் விலை, தோண்டும் செலவைக்கூட ஈடுகட்டாத அளவுக்கு விழுந்தது.

ஒரு குவளைக்கு எவ்வளவு

இப்போது கடையின் கேள்விக்கு வரலாம். 2024இன் பிற்பகுதியில் கடைக்கு வந்த இந்தியச் சரக்கின் பெட்டி விலை, பெல்ஜியச் சரக்கைவிடக் கண்ணுக்குத் தெரியும் அளவுக்குக் குறைவாக இருந்தது. கிலோ விலையை மட்டும் பார்த்தால் விவாதத்துக்கே இடமில்லை. ஆனால் எங்கள் வாடிக்கையாளர்களில் எவரும் ஃபிரைஸைக் கிலோவில் விற்பதில்லை. காகிதக் குவளையில் நிறைத்தோ பர்கர் பக்கத்தில் பரப்பியோ விற்கிறார்கள். குவளை நிறைவது எடையால் அன்று, நீளத்தால். நீண்ட குச்சிகள் குறுக்கும் நெடுக்குமாக நின்று குறைந்த எடையிலேயே குவளையை நிறைத்துக் காட்டும். உடைந்த துண்டுகள் அடியில் போய் அடர்ந்து உட்காரும். ஆகவே வாங்குபவருக்குப் பொருள்படும் விலை, பொட்டலத்தின் விலையை அதில் தேறும் குவளைகளால் வகுத்த விலையே.

கடைக்காரர் தம் நம்பிக்கைக்குரிய சில வணிகர்களுக்கு இரு நாட்டுப் பொட்டலங்களையும் கொடுத்து, தேறிய குவளைகளை எண்ணிச் சொல்லக் கேட்டுக்கொண்டார். முறைப்படியான சோதனை இல்லை. ஒருவர் கை தாராளம், இன்னொருவர் கை இறுக்கம். ஆயினும் எல்லாருடைய விடையும் ஒரே பக்கம் சாய்ந்தது. ஒரே 9 மில்லிமீட்டர் வெட்டில், பெல்ஜியப் பொட்டலத்தில் குவளைகள் சற்று அதிகம் தேறின. அந்த மிகுதி விலை வேறுபாட்டில் ஒரு பகுதியை ஈடுகட்டியது, முழுவதையும் அன்று. இந்தியச் சரக்கிலேயே இரண்டு தரங்கள் இருப்பதும் அப்போது தெரிய வந்தது: நீளத்துக்கு உறுதி கூறும் தரம் ஒன்று, அத்தகைய உறுதி இல்லாத மலிவுத் தரம் ஒன்று. முதல் தரத்தோடு ஒப்பிட்டபோது குவளைக் கணக்கில் பெல்ஜியத்துக்கு இருந்த முன்னிலை மேலும் சுருங்கியது. நாட்டின் பெயரைவிட நீளத்தின் உறுதியே விலைக்கு அடிப்படை என்று கடைக்காரர் அன்றே முடிவுக்கு வந்தார். அது சரியான முடிவு என்றே நினைக்கிறேன்.

எண்ணெய்க் கணக்கு இரண்டாவது. நீர் மிகுந்த கிழங்கு பொரியும்போது அதிக நேரம் எடுக்கும், நீர் வெளியேறிய இடத்தில் எண்ணெய் புகும். 2024இன் இறுதியில் கச்சாச் செம்பனை எண்ணெய் மீண்டும் டன்னுக்கு 5,000 ரிங்கிட்டை எட்டியிருந்ததால், இது கவனிக்கத்தக்க செலவு. ஆனால் ஒட்டுக்கடையில் ஒரே எண்ணெயில் கோழியும் வாழைப்பழமும் ஃபிரைஸும் பொரிவதால், எது எவ்வளவு குடித்தது என்று பிரித்தறிய வழியில்லை. எனவே இதை ஒப்பீட்டில் சேர்க்கவில்லை.

மூன்றாவது, மொறுமொறுப்பு நிலைக்கும் நேரம். மாவுப் பூச்சிட்ட ஃபிரைஸ் பொரித்தபின் அதிக நேரம் விறைப்பாக நிற்கும். பூச்சில்லாதது சீக்கிரம் தளரும். மாணவர் விடுதிகளுக்குப் பொட்டலம் கட்டி அனுப்பும் ஒரு பெண்மணி கடைக்காரரிடம் சொன்னது, கணக்குப் புத்தகத்தில் ஏறாத செய்தி: "அண்ணே, ஒரு வெள்ளி (ரிங்கிட்) கம்மின்னா எனக்கும் சந்தோஷந்தான். ஆனா மோட்டார்ல போய்ச் சேர்றதுக்குள்ள தொவண்டு போச்சுன்னா, அந்தப் பிள்ளைங்க மறுபடியும் என்கிட்ட ஆர்டர் போட மாட்டாங்க." கண்முன்னே பொரித்துக் கையில் கொடுக்கும் இரவுச் சந்தை வணிகருக்கு இந்தக் கவலை இல்லை. பூச்சிட்ட சரக்கை இந்திய ஆலைகளும் செய்கின்றன. ஆனால் அக்காலத்தில் எங்கள் பகுதி விநியோகிப்பாளரிடம் தவறாமல் கிடைத்த பூச்சிட்ட சரக்கு ஐரோப்பாவுடையது.

கடை எடுத்த முடிவு

முழுமையாக மாறுவது என்ற யோசனை கைவிடப்பட்டது. பூச்சில்லாத நேர்வெட்டுக்கு, நீள உறுதியுள்ள இந்தியத் தரம். பூச்சிட்டதற்கும் தடித்த வெட்டுக்கும் பெல்ஜியம். மலிவுத் தரத்தைக் கடை எடுக்கவில்லை. வீட்டுக்கு வாங்குவோர் அதையும் கேட்டார்கள் என்றாலும், உறைபெட்டியில் மூன்றாவது வகைக்கு இடம் ஒதுக்கினால் மற்ற இரண்டில் ஒன்று தீர்ந்துபோகும் அபாயம் இருந்தது. 2022இன் பாதிப் பெட்டி அனுபவம் கடைக்காரருக்கு மறக்கவில்லை.

இம்முடிவின் முதல் பயன் எதிர்பாராத இடத்திலிருந்து வந்தது. இரண்டு விநியோகிப்பாளர்களிடம் வாங்கத் தொடங்கியதும், பெல்ஜியச் சரக்கு தருபவர் 2025இன் தொடக்கத்தில் கேட்காமலே விலையைக் குறைத்தார். யூரோ அப்போது இறங்கவில்லை, ஐரோப்பிய விளைச்சல் மிகையும் இன்னும் வரவில்லை. ஆகவே அந்தக் குறைப்பு முழுவதும் அவருடைய இலாப விளிம்பிலிருந்தே வந்திருக்க வேண்டும்.

இழப்பும் இல்லாமலில்லை. ஒரே விநியோகிப்பாளரிடம் முழுக்க வாங்கியபோது கிடைத்த கடன் தவணை இரண்டாகப் பிரிந்தபின் சுருங்கியது. சிறு கடைக்கு முப்பது நாள் தவணை என்பது வங்கி தராத கடன். விலையில் சேமித்த தொகையில் ஒரு பகுதி, ரொக்கம் கட்டிச் சரக்கெடுக்கும் நெருக்கடியில் கரைந்தது. இதை முடிவுக்கு முன்பே கணக்கில் எடுத்திருந்தாலும் முடிவு மாறியிருக்காது; மாறும் வேகம் குறைந்திருக்கும்.

இருப்பு வைக்கும் முறையிலும் ஒரு மாற்றம் செய்யப்பட்டது. முன்பெல்லாம் விலை ஏறும் என்ற வதந்தி கேட்டவுடன் உறைபெட்டி கொள்ளும் மட்டும் வாங்கி நிரப்புவது வழக்கம். இப்போது பெல்ஜியச் சரக்கில் மட்டும் சற்று அதிக இருப்பு வைக்கப்படுகிறது, அதன் பயணம் நீண்டது, வரும் நாள் உறுதியற்றது என்பதால். இந்தியச் சரக்கில் இரண்டு வார விற்பனைக்கு மேல் வைப்பதில்லை. ரிங்கிட் ரூபாய்க்கு எதிராக வலுத்துக்கொண்டிருக்கும் காலத்தில், நாளை வாங்குவது இன்று வாங்குவதைவிட மலிவாக இருக்கவே வாய்ப்பு அதிகம்.

2025 இறுதியில் பெல்ஜியச் சரக்கின் விலைப்பட்டியல் மீண்டும் ஒருமுறை தாழ்ந்தது. குவளைக் கணக்கில் இரு நாட்டுச் சரக்கும் ஏறத்தாழ ஒரே இடத்துக்கு வந்துவிட்டன. ஐரோப்பிய ஆலைகள் அடுத்த பருவத்துக்கான ஒப்பந்த விலைகளை ஆண்டின் முதல் மாதங்களில் அறிவிக்கும். அதே வாரங்களில் குஜராத்தில் அறுவடை நடக்கும். அவ்விரண்டின் விலையும் விநியோகிப்பாளர் பட்டியலில் ஏறிய பிறகு, பூச்சில்லாத நேர்வெட்டை எந்த நாட்டிலிருந்து எடுப்பது என்பதைக் கடைக்காரர் மீண்டும் பொட்டலங்களைப் பகிர்ந்து கொடுத்து, குவளைகளை எண்ணி முடிவு செய்யவிருக்கிறார்.